நீதிமன்றமா, யூடியூபா?

சமூக அநீதியை ஆவணப்படமாக எடுப்பவருக்கு எடுப்பதைவிடப் பெரிய தலைவலி, அதை மக்களிடம் காட்டுவதுதான்.

ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தனின் வழி நீண்டது. முறைப்படி தணிக்கைச் சான்றிதழ் வாங்குவார். தூர்தர்ஷன் மறுத்தால் நீதிமன்றம் போவார். அயோத்தி ராமர் கோயில் இயக்கத்தைப் பற்றிய 'ராம் கே நாம்' தேசிய விருது வாங்கிய படம். அதையே வழக்குப் போட்டுத்தான் ஒளிபரப்ப வைக்க முடிந்தது. 1997-இல் மும்பை ரமாபாய் நகரில் தலித் மக்கள் மீது நடந்த துப்பாக்கிச்சூட்டைத் தொட்டுத் தொடங்கும் 'ஜெய் பீம் காம்ரேட்' முடிய 14 ஆண்டுகள் ஆயின. யாருக்கு இருக்கும் அந்தப் பொறுமை! ஆனால் அவர் வாங்கும் தீர்ப்பு அடுத்து வருபவருக்கும் ஆயுதம்.

திவ்யபாரதியின் 'கக்கூஸ்' (2017) மனிதக் கழிவை அள்ளும் தொழிலாளர்களைப் பற்றியது. திரையிடல்களைக் காவல்துறை தடுத்தது. சரி என்று படம் யூடியூபுக்குப் போனது. செல்போன் உள்ளவர் எல்லாரும் பார்க்க முடிந்தது. வேகம் உண்டு, வருமானம் இல்லை. வழக்கும் மிரட்டலும் இங்கேயும் விடவில்லை.

பழைய அநீதியைப் பதிவு செய்வதென்றால் முதல் வழிக்கே என் ஓட்டு. குழிக்குள் இன்றும் ஆள் இறங்கிக்கொண்டிருக்கும்போது தீர்ப்புக்காகக் காத்திருக்க முடியாது, யூடியூப்தான்.