ஒலிம்பிக்கா, உலகக் கோப்பையா, காமன்வெல்த்தா: வாலண்டியராகப் போக எது கட்டுப்படியாகும்?

டிக்கெட் செலவில்லாமல் ஸ்டேடியத்துக்குள் நுழையலாம் என்ற கணக்கில்தான் பெரும்பாலோர் வாலண்டியர் விண்ணப்பத்தைத் திறக்கிறார்கள். நுழைவது நிச்சயம். ஆட்டம் பார்ப்பது நிச்சயமில்லை. பார்வையாளர் பிரிவில் போட்டால் ஆடுகளத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கூட்டத்தைப் பார்த்து நிற்பதுதான் வேலை. வாகன நிறுத்துமிடத்திலோ விமான நிலையத்திலோ போட்டால் அந்த முதுகுப் பக்கமும் ஸ்டேடியம் இருக்காது. இதை ஏற்றுக்கொண்டவர்கள் மேலே படிக்கலாம்.

மூன்று பெரிய போட்டிகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்ப்போம். ஆள் எடுத்த கணக்கு வெளியான பழைய போட்டிகளையே எடுத்துக்கொள்கிறோம்.

| | ஒலிம்பிக், பாரிஸ் 2024 | கால்பந்து உலகக் கோப்பை, கத்தார் 2022 | காமன்வெல்த், கிளாஸ்கோ 2014 |
|---|---|---|---|
| எடுத்தவர்கள் | 45,000 | 20,000 | சுமார் 12,500 |
| விண்ணப்பித்தவர்கள் | 3 லட்சத்துக்கு மேல் | 4.2 லட்சத்துக்கு மேல் | 50,000க்கு மேல் |
| ஓர் இடத்துக்குப் போட்டி | ஏறத்தாழ 7 பேர் | 21 பேர் | 4 பேர் |
| போட்டி நடந்த நாட்கள் | 17 | 29 | 12 |

மூன்றிலும் சம்பளம் கிடையாது. யூனிஃபார்ம், பணி நேரத்துச் சாப்பாடு, பணி நாட்களில் உள்ளூர்ப் போக்குவரத்து ஆகியவை கிடைக்கும். டோக்கியோ 2020 ஒலிம்பிக்கில் பயணச் செலவுக்கென்று ஒரு நாளைக்கு 1,000 யென் கொடுத்தார்கள். விமான டிக்கெட்டும் தங்குமிடமும் பொதுவாக நம் தலையில்தான். எனவே எந்தப் போட்டி பெரியது என்று பார்ப்பதை விட, எந்த ஊரில் நமக்குப் படுக்க ஓர் இடம் இருக்கிறது என்று முதலில் பார்க்க வேண்டும். இந்தப் பதில் இல்லாமல் விண்ணப்பித்தவர்கள், தேர்வான கடிதம் வந்த பிறகு விடுதி வாடகையைப் பார்த்துவிட்டு விலகுவது எல்லாப் போட்டியிலும் நடப்பதுதான்.

ஒலிம்பிக்: எண்ணிக்கை அதிகம், காத்திருப்பு நீளம்

லண்டன் 2012இல் 2.4 லட்சம் பேர் விண்ணப்பித்து 70,000 பேர் எடுக்கப்பட்டார்கள். டோக்கியோவுக்கு 80,000 இடங்களுக்குச் சுமார் 2 லட்சம் பேர். ஆகவே இடத்துக்கு மூன்று பேரில் தொடங்கி ஏழு பேர் வரை போட்டி. பெயரின் கனத்துக்கு இது மோசமான வாய்ப்பு இல்லை.

பாரிஸின் விண்ணப்பச் சாளரம் 2023 மார்ச் 22 முதல் மே 3 வரை ஆறு வாரம் திறந்திருந்தது. போட்டி நடந்தது 2024 ஜூலையில். பதினாறு மாதம் முன்பே திறந்த கதவு, போட்டிக்குப் பதினான்கு மாதத்துக்கு மேல் இருக்கும்போதே மூடிவிட்டது. டோக்கியோ இன்னும் முன்னதாக, 2018 செப்டம்பரிலேயே ஆள் எடுக்கத் தொடங்கியது. போட்டி நெருங்கும் வருடத்தில் தேடத் தொடங்குவோருக்கு ஒலிம்பிக் கிடைக்காது.

பாரிஸ், டோக்கியோ இரண்டும் கேட்டது குறைந்தது 10 நாள். இது பத்து நாள் லீவு என்று அர்த்தமாகாது. யூனிஃபார்மையும் அடையாள அட்டையையும் நேரில் போய்த்தான் வாங்க வேண்டும், பணியிடப் பயிற்சி ஒரு நாள், நடுவில் ஓய்வு நாட்கள். வெளிநாட்டிலிருந்து போகிறவர் இரண்டு வாரத்துக்கு மேல் அங்கே இருக்க வேண்டிவரும். பாராலிம்பிக்குக்கும் சேர்த்து ஒப்புக்கொண்டால் இரண்டுக்கும் நடுவே இரண்டு வாரத்துக்கு மேல் இடைவெளி. உள்ளூர்க்காரருக்கு அது வசதி, வெளியூர்க்காரருக்கு வாடகை.

பாராலிம்பிக் ஒன்றே கிடைத்தாலும் சரி என்பது பலர் கவனிக்காத வழி. விண்ணப்பத்தில் ஒலிம்பிக் மட்டும் என்று அடம் பிடிக்காமல் ‘எதுவானாலும்’ என்று குறிப்பவர்களைப் பொருத்துவது அமைப்பாளர்களுக்கு எளிது. ஆட்டக்காரர்களோடு நெருங்கிப் பணி செய்யும் வாய்ப்பும் அங்கே கூடுதல்.

உலகக் கோப்பை: அந்த ஊர்க்காரருக்கானது

ஒலிம்பிக் ஒரு நகரத்தைச் சுற்றி நடக்கிறது. உலகக் கோப்பை பரந்து கிடக்கிறது. 2026 போட்டி அமெரிக்கா, கனடா, மெக்சிகோ என மூன்று நாடுகளின் 16 நகரங்களில், ஜூன் 11 முதல் ஜூலை 19 வரை 39 நாட்கள். சுமார் 65,000 பேர் தேவை என்று சொல்லி 2025 ஆகஸ்டில், அதாவது பத்தே மாதம் முன்னால், விண்ணப்பம் திறந்தார்கள். நிபந்தனை குறைந்தது எட்டு ஷிஃப்ட்.

எட்டுத்தானே என்று தோன்றும். சிக்கல் அவை பரவியிருப்பதில்தான். ஒரு ஸ்டேடியத்தில் ஆட்டத்துக்கும் ஆட்டத்துக்கும் நடுவே மூன்று நான்கு நாள் இடைவெளி வரும். டொராண்டோ ஸ்டேடியத்துக்கு மொத்தமே ஆறு ஆட்டங்கள். அதே நகரத்தின் ஸ்கார்பரோ பகுதியில் குடியிருக்கும் ஒருவர் வேலைக்குப் போய்க்கொண்டே ஷிஃப்ட் பார்க்கலாம். மதுரையிலிருந்தோ யாழ்ப்பாணத்திலிருந்தோ போகிறவர் ஆட்டமில்லாத நாட்களுக்கும் சோறும் வாடகையும் கட்ட வேண்டும். நேர்முகத்துக்கும் குழுத் தேர்வுக்கும் அந்தந்த நகரத்திலேயே ஆட்களை வரவழைத்ததிலிருந்தே யாரை எதிர்பார்க்கிறார்கள் என்பது விளங்கும். ஃபிஃபாவின் நிபந்தனைப்படி அந்த நாட்டில் தன்னார்வப் பணி செய்யும் சட்டத் தகுதியும் விண்ணப்பிப்பவருக்கே இருக்க வேண்டும்.

கத்தாரிலும் இதே நிலைதான். 20,000 பேரில் ஏறத்தாழ 17,000 பேர் ஏற்கெனவே கத்தாரில் வசித்தவர்கள். வெளியிலிருந்து போனவர்களுக்கு மிஞ்சியது சுமார் 3,000 இடம். அட்டவணையில் 21 என்று இருக்கும் போட்டி வெளிநாட்டவருக்கு இன்னும் கடுமையாகத்தான் இருந்திருக்கும். தோஹாவில் வேலை பார்த்த தமிழருக்கு அது வீட்டு வாசலில் வந்த வாய்ப்பு. இங்கிருந்து விண்ணப்பித்தவருக்குக் கிட்டத்தட்ட லாட்டரி.

காமன்வெல்த்: சின்னது, ஆனால் கைக்கு எட்டுவது

பெயரில் பகட்டு குறைவு. வசதியில் மற்ற இரண்டையும் விட மேல். பதினோரு, பன்னிரண்டு நாளில் முடிந்துவிடும், ஆங்கிலம் போதும், இடத்துக்கான போட்டியும் மிதம். கோல்டு கோஸ்ட் 2018இல் 15,000 இடங்களுக்கு 47,000 விண்ணப்பம், இடத்துக்கு மூன்று பேர்.

கிளாஸ்கோ 2026 மட்டும் விதிவிலக்கு. செலவைச் சுருக்கி 10 விளையாட்டு, நான்கு இடங்கள் என்று அமைத்ததால் தேவைப்பட்டது சுமார் 3,000 பேர்தான். போட்டி சுருங்கினால் வாலண்டியர் இடமும் சுருங்கும், ஆர்வலர் எண்ணிக்கை சுருங்காது.

2030 போட்டி அகமதாபாத்துக்குக் கிடைத்திருக்கிறது. தமிழ்நாட்டிலிருந்து போக நினைப்பவருக்கு மூன்றில் இதைத்தான் முதலில் வைப்போம். விசா இல்லை, சென்னை சென்ட்ரலிலிருந்து நவஜீவன் எக்ஸ்பிரஸில் நேரே போய் இறங்கலாம், செலவு ரூபாயில். ஆனால் டெல்லி 2010ஐ மறந்துவிடக் கூடாது. அங்கே தேர்வான 22,000 பேரில் ஏறக்குறைய 10,000 பேர் போட்டி தொடங்கும் முன்பே விலகிவிட்டதாகச் செய்தி வந்தது. சரியான பயிற்சி இல்லை, கிடைத்த பணி பிடிக்கவில்லை என்பவை காரணங்கள். யூனிஃபார்மை வாங்கிக்கொண்டு திரும்பி வராதவர்களும் இருந்தார்களாம். ஆகவே ‘என்ன பணி, எந்த இடம், எத்தனை ஷிஃப்ட்’ என்று எழுத்தில் வந்த பிறகே ரயில் டிக்கெட் எடுக்க வேண்டும்.

நான்காவது வழி: நகர வாலண்டியர், ஒற்றை விளையாட்டுப் போட்டி

ஸ்டேடியத்துக்குள் இருப்போர் போட்டி அமைப்புக் குழுவின் ஆட்கள். வெளியே ரயில் நிலையத்திலும் தெருமுனையிலும் வழிகாட்டுவோர் நகர நிர்வாகத்தின் ஆட்கள். இரண்டுக்கும் விண்ணப்பம் வேறு, கெடு வேறு. லண்டனில் 8,000 பேரும், டோக்கியோவில் 30,000 பேரும் இப்படித் தனியாகத் திட்டமிடப்பட்டார்கள். ஷிஃப்ட் குறைவு, உள்ளூர்க்காரருக்கே முன்னுரிமை, ஸ்டேடியத்துக்குள் அனுமதி இல்லை. லண்டனிலோ பாரிஸின் லா ஷாப்பேலிலோ வாழும் தமிழருக்கு, குழந்தைகளோடு சமாளிக்கக்கூடியது இதுதான்.

ஆட்டத்துக்கு அருகில் இருப்பதுதான் ஆசை என்றால் ஒற்றை விளையாட்டுப் போட்டிகளை எதுவும் மிஞ்சாது. 2022இல் மாமல்லபுரத்தில் செஸ் ஒலிம்பியாட், 2023இல் சென்னையில் ஆசிய சாம்பியன்ஸ் கோப்பை ஹாக்கி, 2025இல் சென்னையிலும் மதுரையிலும் ஜூனியர் உலகக் கோப்பை ஹாக்கி நடந்தன. இவற்றுக்கு ஆண்டு முழுக்கத் திறந்திருக்கும் போர்ட்டல் எதுவும் கிடையாது. ஆட்கள் கல்லூரி உடற்கல்வி இயக்குநர் வழியாகவும், மாவட்ட விளையாட்டு அலுவலர் வழியாகவும், அந்த விளையாட்டின் சங்கம் வழியாகவும்தான் வருவார்கள். அறிவிப்புக்கும் போட்டிக்கும் நடுவே சில வாரமே இருக்கும். அந்த வட்டத்தில் முகம் தெரிந்தவராக இருக்க வேண்டும், அவ்வளவுதான்.

இதைவிட உறுதியான பாதை நடுவர் தகுதி. செஸ்ஸில் ஃபிடே (உலகச் செஸ் கூட்டமைப்பு) நடுவர் பட்டம் வேண்டுமானால் கருத்தரங்கு, தேர்வு, போட்டிகளில் பணியாற்றிப் பெறும் நார்ம்கள் (தகுதிச் சான்றுகள்) என்று சில வருடம் பிடிக்கும். தடகளத்துக்கும் ஹாக்கிக்கும் தனித்தனித் தேர்வுகள். தகுதி கிடைத்துவிட்டால் செஸ் பலகைக்கு அருகிலேயே நிற்கலாம், வாலண்டியர் வரிசையில் நிற்க வேண்டியதில்லை.

எந்தப் பணியைக் கேட்பது

விண்ணப்பத்தில் தொடக்கவிழா, ஊடகப் பிரிவு என்று குறிப்பவர்களே அதிகம். அந்த இரண்டுக்குத்தான் நெரிசல். காலியாகக் கிடக்கும் பணிகளில் கவனிக்க வேண்டியவை இரண்டு.

ஊக்கமருந்துச் சோதனைத் துணையாள்: ஆட்டம் முடிந்த வீரரிடம் சோதனைக்கு அழைக்கப்பட்டிருப்பதை அறிவித்து, கையெழுத்து வாங்கி, சோதனை அறைக்குள் ஒப்படைக்கும் வரை அவரைக் கண்பார்வையிலிருந்து விடாமல் உடன் போக வேண்டும். பதக்க மேடை, பேட்டி, உடல் தளர்த்தும் பயிற்சி எல்லாவற்றுக்கும் கூடவே. ஒரு நிமிடம் கண் தவறினாலும் அதைப் பதிவு செய்தாக வேண்டும். வேலை நுணுக்கமானது, பயிற்சி உண்டு, ஆடுகளத்தின் ஓரம் வரை அனுமதியும் உண்டு.

ஓட்டுநர்: உரிமம் இருந்தால் தேர்வாகும் வாய்ப்பு கூடும். இடதுபுறம் ஓட்டிப் பழகிய நமக்குக் கிளாஸ்கோவோ பிரிஸ்பேனோ சிரமமில்லை. பாரிஸ், லாஸ் ஏஞ்சலஸ் வலதுபுறம். அந்த ஊர்ச் சாலையில் ஓட்டிய பழக்கம் இல்லையென்றால் இதைத் தொடாதீர்கள்.

மொழிப் பகுதியில் தமிழைத் தாராளமாகக் குறியுங்கள், ஆனால் அதை நம்பி இருக்காதீர்கள். போட்டி நடக்கும் நாட்டின் மொழியும் ஆங்கிலமும் சரளமாக இருந்தால்தான் எடைபோடுவார்கள்.

எங்கே சறுக்கும்

முதல் சறுக்கல் பெயரில். விண்ணப்பப் படிவம் குடும்பப் பெயரைக் கட்டாயமாகக் கேட்கும். நம்மிடம் இருப்பது ஒரு பெயரும் ஓர் இனிஷியலும். சிலர் இனிஷியலைப் போடுவார்கள், சிலர் ஒரு புள்ளி வைப்பார்கள், சிலர் தந்தை பெயரை எழுதுவார்கள். இலங்கையில் தந்தை பெயர் முன்னால் வருவதால் இரண்டும் இடம் மாறிவிடும். பின்னணிச் சரிபார்ப்பு பாஸ்போர்ட்டை வைத்துத்தான் நடக்கிறது, பொருந்தாத பெயர் அங்கேயே நின்றுவிடும். பாஸ்போர்ட்டின் அடியில் அம்புக்குறிகளோடு இருக்கும் இரண்டு வரியில் பெயர் எப்படிப் பிரிந்திருக்கிறதோ அப்படியே எழுத வேண்டும். குடும்பப் பெயர் காலியாக இருப்பவருக்கு அமெரிக்க விசாவில் முன்பெயர் இருக்கும் இடத்தில் ‘எஃப்என்யு’ (முன்பெயர் தெரியவில்லை என்பதன் ஆங்கிலச் சுருக்கம்) என்று அச்சாகி, இருக்கும் ஒரே பெயர் குடும்பப் பெயராகிவிடும். அந்தச் சங்கடத்தை விண்ணப்பத்துக்கு முன்பே உதவி மின்னஞ்சலில் எழுதிக் கேட்டுவிடுங்கள்.

இரண்டாவது விசா. போட்டி அடையாள அட்டை வீரர்களுக்கு நுழைவு ஆவணமாகச் செல்லுபடியாகும் ஒலிம்பிக்கிலும், வாலண்டியருக்கு அந்தச் சலுகையை எதிர்பார்க்க முடியாது. தேர்வுக் கடிதம் விசாவுக்குத் துணை ஆவணம் மட்டுமே. பிரிட்டனில் மாணவர் விசாவில் இருப்போருக்கு ‘வாலண்டியரிங்’ வேறு, ‘வாலண்டரி ஒர்க்’ வேறு. பின்னது வாராந்திர வேலை நேர வரம்பில் சேர்ந்துவிடும். எந்த வகை என்று கல்லூரியின் வெளிநாட்டு மாணவர் அலுவலகத்தில் கேட்டு, பதிலை எழுத்தில் வாங்கி வையுங்கள்.

மூன்றாவது மின்னஞ்சல். பணி ஒதுக்கீடு வந்தால் சில நாட்களுக்குள் ஏற்க வேண்டும். அது ஸ்பாம் பெட்டியில் கிடக்க, இடம் அடுத்தவருக்குப் போய்விடும். போர்ட்டலுக்குள் வாரம் ஒருமுறை நேரடியாகப் போய்ப் பாருங்கள்.

பணம் கேட்டால் மோசடி. உண்மையான போட்டி எதுவும் வாலண்டியர் பதிவுக்குக் கட்டணம் வாங்குவதில்லை. ‘இடம் உறுதி’ என்று சொல்லும் ஏஜென்ட் யாராக இருந்தாலும் விலகுங்கள்.

களத்தில் கெடுப்பது பெரும்பாலும் கால்தான். எட்டு மணி நேர ஷிஃப்டில் ஆறு மணி நேரமாவது நிற்க வேண்டிவரும். புதிதாகக் கொடுக்கும் ஷூவை முதல் ஷிஃப்டிலேயே மாட்டாமல், முந்தின இரண்டு நாள் தெருவில் போட்டு நடந்து பழக்குங்கள். காலை ஷிஃப்ட் முதல் ரயிலுக்கு முன்பே தொடங்கலாம், இரவு ஷிஃப்ட் கடைசி ரயிலுக்குப் பிறகு முடியலாம். தங்குமிடம் பார்க்கும்போது ஸ்டேடியத்தின் தூரத்தைவிட இரவுப் பேருந்து இருக்கிறதா என்பதே முக்கியம். வீரரோடு செல்ஃபி, ஆட்டோகிராஃப், உள்ளிருந்து வீடியோ, பந்தயம் எல்லாம் தடை. அட்டையைப் பறித்தால் அன்றோடு முடிந்தது.

அகமதாபாத்தைக் குறிவைப்பவர்கள், முந்தைய போட்டிகளின் கணக்குப்படி 2028 இறுதியிலிருந்தே அறிவிப்புகளைக் கவனிக்கத் தொடங்கலாம். அதற்கு முன் பாஸ்போர்ட் புதுப்பிக்க வேண்டியிருந்தால், இனிஷியலை விரித்துக் குடும்பப் பெயர் இடத்தை நிரப்பும் வேலையையும் அதோடு சேர்த்து முடித்துவிடுங்கள். ஆதார் அட்டையிலும் அதே பெயர்தான் இருக்க வேண்டும்.