ஷுகோவா, சுய்கோவா: யார் கல்லறைக்குப் போவது?

இரண்டாம் உலகப் போரைப் பற்றிக் கொஞ்சம் ஆழமாகப் படித்துவிட்டு ரஷ்யாவுக்குப் போகிறவர்களுக்கு வருகிற ஆசைதான் இது. அந்தத் தளபதிகளில் ஒருவராவது அடக்கமான இடத்தைப் பார்த்துவிட்டு வர வேண்டும். பெரும்பாலானவர்கள் முதலில் சொல்லும் பெயர் ஷுகோவ். மாஸ்கோவைக் காத்தவர், பெர்லினைப் பிடித்தவர், 1945 ஜூன் 24 வெற்றி அணிவகுப்பை வெள்ளைக் குதிரை மேலிருந்து பார்வையிட்டவர். அவருடைய சாம்பல் செஞ்சதுக்கத்தில், கிரெம்ளின் மதிலுக்குள் இருக்கிறது. அடுத்த பெயர் வாசிலி சுய்கோவ், ஸ்டாலின்கிராடில் 62ஆவது படையை நடத்தியவர். அவர் கிடப்பது அந்த ஊரிலேயே, இன்றைய வோல்கோகிராடில், மாமயேவ் குன்றில்.

இரண்டுக்கும் போய்வந்தவன் என்ற முறையில் முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: ஒன்றுக்குத்தான் நேரம் இருக்கிறது என்றால் என் ஓட்டு சுய்கோவுக்கு. யார் பெரிய தளபதி என்ற கணக்கில் சொல்லவில்லை. அந்தக் கணக்கில் ஷுகோவ் எங்கேயோ இருக்கிறார். பெர்லினுக்குள் சுய்கோவ் நுழைந்ததே ஷுகோவ் தலைமையில் இருந்த படைத்தொகுப்பின் கீழ்தான். நான் பேசுவது போய் நிற்கிற அனுபவத்தைப் பற்றி மட்டும்.

ஷுகோவ் பக்கம் இருக்கிற வசதிகள் எல்லோருக்கும் தெரிந்தவை. மாஸ்கோவுக்கு எப்படியும் போவீர்கள், செஞ்சதுக்கத்துக்கும் எப்படியும் போவீர்கள். தனிச் செலவு இல்லை, கட்டணமும் இல்லை. லெனின் சமாதிக்கான வரிசையில் நின்றால் அதே வழியில் மதிலையும் பார்த்துவிடலாம்.

ஒரே இடத்தில் இத்தனை தளபதிகள் வேறெங்கும் கிடைக்க மாட்டார்கள் என்பதும் உண்மை. ரொக்கொசோவ்ஸ்கி, கோனெவ், வசிலெவ்ஸ்கி, மலினோவ்ஸ்கி, பக்ரம்யான், கொவரோவ் எல்லோரும் அந்த மதிலில்தான். பெர்லினை யார் முதலில் தொடுவது என்று 1945 ஏப்ரலில் முட்டிக்கொண்ட ஷுகோவும் கோனெவும் கடைசியில் ஒரே சுவருக்குள் வந்து சேர்ந்துவிட்டார்கள். இன்னும் விசித்திரம் ரொக்கொசோவ்ஸ்கி. 1937இல் ஸ்டாலின் ஆட்சியில் கைதாகி, சிறையில் வதைபட்டு, 1940இல் வெளியே வந்து படை நடத்தியவர். அவருடைய சாம்பல் இருக்கும் அதே மதிலோரம்தான் ஸ்டாலினின் கல்லறையும். இந்த மாதிரி விஷயங்களை அசைபோடுகிற ஆளாக இருந்தால் கிரெம்ளின் மதில் உங்களுக்கு ஒரு விருந்து. அதை நான் மறுக்கவில்லை. யூரி ககாரினும் விண்கலப் பொறியாளர் கரல்யோவும் வேறு அங்கேதான் இருக்கிறார்கள்.

ஆனால் ஷுகோவைப் பார்க்கப் போகிறேன் என்று கிளம்பினால் கடைசியில் கிடைப்பது என்ன? சிவப்புச் செங்கல் மதிலில் பதித்த ஒரு கறுப்புப் பலகை. அதில் தங்க நிற ரஷ்ய எழுத்தில் பெயர், பிறந்த நாள், இறந்த நாள். அதே மாதிரிப் பலகைகள் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் வரிசையாக, நூற்றுக்கும் மேல். ரஷ்ய எழுத்து படிக்கத் தெரியாவிட்டால் கண் அவரைத் தாண்டிப் போய்விடும். போகும் முன்னால் Жуков என்ற ஐந்தெழுத்தையாவது மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். முதல் எழுத்து நடுவில் ஒரு கோடும் இருபுறமும் இரண்டிரண்டு கால்களுமாக ஒரு பூச்சி மாதிரி இருக்கும், தூரத்திலிருந்தே பிடிபடும்.

இதையெல்லாம் விடப் பெரிய விஷயம் ஒன்று இருக்கிறது. என் முடிவே அதை வைத்துத்தான்: அங்கே நிற்க முடியுமா?

கல்லறைக்குப் போவது என்றால் எனக்கு அதுதான் அர்த்தம். பத்து நிமிடமாவது சும்மா நிற்க வேண்டும், முடிந்தால் உட்கார வேண்டும், படித்ததெல்லாம் மனதுக்குள் ஓட வேண்டும். கிரெம்ளின் மதில் அதற்கான இடம் இல்லை. சமாதி திறந்திருப்பதே வழக்கமாகச் செவ்வாய், புதன், வியாழன், சனி, ஞாயிறு ஆகிய நாட்களில், காலை 10 முதல் பகல் 1 மணி வரை மட்டும். திங்களும் வெள்ளியும் கிடையாது. மே 9ஐ ஒட்டி அணிவகுப்பு ஏற்பாடு, அரசு விழா, பராமரிப்பு என்று ஏதாவது ஒன்று வந்தால் அந்த மூன்று மணி நேரமும் போச்சு. அந்த நேரத்துக்குள் வரிசை, பாதுகாப்புச் சோதனை, அப்புறம் நடை. அந்த நடை நிற்பதற்கானது இல்லை. முன்னால் போகிறவர் நகர்கிறார், பின்னால் வருகிறவர் நெருக்குகிறார். கூட்டத்தில் பாதிப் பேர் லெனினைப் பார்க்க வந்தவர்கள். மதிலில் இருப்பது யார் என்பதே அவர்களுக்குப் பொருட்டில்லை. ஷுகோவின் பலகை முன்னால் எனக்குக் கிடைத்தது ஒரு போட்டோ எடுக்கிற நேரம். மற்ற நேரத்தில் வந்தால் சதுக்கத்தில் நின்றபடி தூரத்து மதிலை எட்டிப் பார்க்கலாம், அவ்வளவுதான்.

இதில் ஷுகோவின் கதையும் சேர்ந்துகொள்கிறது. 1957 அக்டோபரில் சோவியத் தலைவர் குருஷேவ் அவரைப் பதவியிலிருந்து தூக்கினார். அதே ஆண்டுத் தொடக்கத்தில்தான் பாதுகாப்பு அமைச்சராக இந்தியாவுக்கு வந்துவிட்டுப் போயிருந்தார். ஓரங்கட்டப்பட்ட மனிதர் 1974 ஜூனில் இறந்தபோது அரசு மரியாதையோடு எரித்து, சாம்பல் கலசத்தை மதிலில் வைத்தார்கள். மரியாதைதான், ஆனால் அது அரசின் மரியாதை. அந்தச் சுவரில் அவருடையது என்று சொல்ல எதுவும் இல்லை. பலகை அளவுகூட மற்றவர்களுடையதைப் போலத்தான்.

சுய்கோவ் விஷயத்தில் இது தலைகீழ். அவர் தன் இடத்தைத் தானே கேட்டு வாங்கினார். இறப்பதற்கு முந்தைய ஆண்டு, 1981 ஜூலையில், கட்சியின் மத்தியக் குழுவுக்கு ஒரு கடிதம் எழுதினார்: தன்னை மாமயேவ் குன்றில் புதைக்க வேண்டும், 1942 செப்டம்பர் 12 அன்று தன் கட்டளை முகாம் அங்கேதான் அமைந்தது, தன் கீழ் போரிட்ட ஆயிரக்கணக்கான வீரர்கள் அங்கேதான் கிடக்கிறார்கள் என்று. 1982 மார்ச்சில் மாஸ்கோவில் இறந்தார். நினைத்திருந்தால் தலைநகரிலேயே இடம் கிடைத்திருக்கும். உடலை வோல்கோகிராடுக்குக் கொண்டுபோய், 'தாய்நாடு அழைக்கிறாள்' சிலையின் காலடிச் சரிவில் மண்ணில் புதைத்தார்கள்.

அங்கே போக நேரக் கட்டுப்பாடு இல்லை. குன்று இரவு பகல் எந்நேரமும் திறந்தே கிடக்கிறது. அணையா விளக்கு இருக்கும் மண்டபம் மட்டும்தான் இரவில் மூடப்படும். காலை ஆறு மணிக்குப் போய் எட்டு மணி வரை நிற்கலாம், யாரும் கேட்க மாட்டார்கள். கட்டணமும் இல்லை. நான் போனது செப்டம்பரில், விடிந்து கொஞ்ச நேரத்தில். கல்லறையில் முந்தைய நாள் கார்னேஷன் பூக்கள் வாடிக் கிடந்தன. நாய் ஒன்றை நடத்திக்கொண்டு வந்த ஒரு முதியவர் நின்றார், தொப்பியைக் கழற்றினார், மறுபடி போட்டுக்கொண்டு நாயோடு போய்விட்டார். தினமும் செய்கிற காரியம்போல இருந்தது.

பூ வாங்கினால் ஒன்றைக் கவனியுங்கள்: ரஷ்யாவில் இறந்தவர்களுக்கு இரட்டைப்படையில்தான் பூ வைப்பார்கள். ஒற்றைப்படை பிறந்தநாளுக்கும் காதலிக்கும். சிவப்புக் கார்னேஷன் இரண்டோ நான்கோ போதும்.

நிற்க முடிகிறது என்பதோடு, நின்று பார்ப்பதற்கு அங்கே ஏதோ இருக்கிறது. மதில் முன்னால் எவ்வளவு நேரம் நின்றாலும் செங்கல்தான் தெரியும். குன்றில் நின்றால் போரே புரிகிறது. ராணுவ வரைபடத்தில் இதன் பெயர் 102.0 உயரம். மேலிருந்து பார்த்தால் ஒரு பக்கம் வோல்கா, இன்னொரு பக்கம் ஆற்றை ஒட்டி நீளமாகக் கிடக்கிற நகரம். இந்தக் குன்றைப் பிடித்தவன் கையில் ஆற்றைக் கடக்கும் துறைகள் எல்லாம் அகப்பட்டுவிடும் என்பதைப் புத்தகத்தில் பத்துத் தடவை படித்திருப்போம். அங்கே ஒரு தடவை தலையைத் திருப்பினால் போதும். சுய்கோவின் முகாம் இங்கே நிலைக்கவில்லை. பொறுப்பேற்ற ஓரிரு நாளிலேயே குண்டுவீச்சு தாங்காமல் இடம் மாறியது. தளபதி ரோதிம்த்செவின் 13ஆவது காவல் படைப்பிரிவு ஆற்றைக் கடந்து வந்து செப்டம்பர் 16 அன்று குன்றை மீட்டது. அப்புறமும் அது கைமாறிக்கொண்டே இருந்தது.

சுய்கோவின் உத்தியும் இங்கேதான் எனக்குச் சரியாகப் பிடிபட்டது. எதிரியை விட்டு விலகாதே, கையெறி குண்டு எட்டும் தூரத்திலேயே ஒட்டிக்கொண்டு நில் என்பதுதான் அது. இரண்டு பக்க அகழிகளும் அவ்வளவு நெருக்கமாக இருந்தால் ஜெர்மன் விமானங்களால் தங்கள் ஆட்கள் மேலேயே போடாமல் குண்டு போட முடியாது. பின்வாங்கலாம் என்றால் முதுகுக்குப் பின்னால் ஆறு. இங்கே சண்டை ஓய்ந்த பிறகு குன்றின் மண்ணில் ஒவ்வொரு சதுர மீட்டரிலும் 500 முதல் 1,250 வரை குண்டுச் சிதறல்கள் இருந்ததாகச் சொல்வார்கள். 1943 வசந்தத்தில் அங்கே புல்லே முளைக்கவில்லையாம்.

ஏறும் வழியும் வீணில்லை. 1967 அக்டோபரில் திறந்த நினைவகம் இது. சிற்பி வுசேதிச், கட்டுமானப் பொறியாளர் நிகீதின். இந்த நிகீதின்தான் மாஸ்கோவின் ஒஸ்தான்கினோ டிவி கோபுரத்தையும் வடிவமைத்தவர். அடிவாரத்திலிருந்து சிலை வரை 200 படிகள், ஸ்டாலின்கிராட் போர் நடந்த 200 நாட்களின் கணக்கு. நடுவில் தண்ணீரிலிருந்து எழும் ஒரு வீரனின் சிலை வரும், கையில் இயந்திரத் துப்பாக்கியும் எறிகுண்டுமாக. அதன் முகம் சுய்கோவைப் பார்த்து வடித்தது என்பார்கள். முகத்தைப் பார்த்துவிட்டு மேலே ஏறிக் கல்லறைக்கு வரலாம். சிலையின் மொத்த உயரம் வாளோடு சேர்த்து 85 மீட்டர். மேலே போக வளைந்து ஏறும் பாதையில் மற்ற வீரர்களின் கற்களும் உண்டு. துப்பாக்கி வீரர் சாய்த்செவ் 1991இல் கீவில் இறந்தவர். அவரை 2006இல் இங்கே கொண்டுவந்து மறுபடி புதைத்தார்கள். 64ஆவது படையின் தளபதி ஷுமிலோவும் இந்தக் குன்றில்தான் இருக்கிறார்.

சரி, சுய்கோவுக்கு எதிரான வாதம் என்ன? தூரம்தான். மாஸ்கோவிலிருந்து ஏறக்குறைய ஆயிரம் கிலோமீட்டர். விமானத்தில் இரண்டு மணி நேரத்துக்குள் போய்விடலாம் என்பது காகிதத்தில். இப்போதைய நிலைமையில் டிரோன் அபாயம் என்று தெற்கு ரஷ்ய விமான நிலையங்களை அடிக்கடி திடீரென மூடுகிறார்கள், வோல்கோகிராடும் அதில் உண்டு. அந்தப் பிராந்தியத்தில் தாக்குதல்களும் நடந்திருக்கின்றன. அதைத் தெரிந்துகொண்டே முடிவெடுங்கள். டிக்கெட் தேடும்போது குழம்ப வேண்டாம்: விமான நிலையத்துக்கு 2025இல் ஸ்டாலின்கிராட் என்று பெயர் வைத்துவிட்டார்கள், ஊர் பெயர் வோல்கோகிராட்தான். நான் ரயிலைத்தான் சொல்வேன். ஒரு முழு இரவும் அதற்கு மேலும் ஆகும், ஆனால் படுக்கை இருக்கும், பெட்டிக்குப் பெட்டி வெந்நீர் இருக்கும், டீயும் கப் நூடுல்ஸும் ஓடிவிடும். ஊருக்குள் 'மெட்ரோ டிராம்' என்ற விரைவு டிராம் ஓடுகிறது. மாமயேவ் குர்கான் (குன்றின் ரஷ்யப் பெயர்) என்றே ஒரு நிறுத்தம் இருக்கிறது, இறங்கினால் நினைவகத்தின் அடிவாரம்.

கோடையில் அந்த ஸ்டெப்பி வெயில் கடுமை, படிகளில் நிழல் கிடையாது. குளிர்காலத்திலும், பிப்ரவரி 2, மே 9 போன்ற நினைவு நாட்களிலும் நான் அங்கே போனதில்லை. நான் சொல்கிற அமைதி அந்த நாட்களில் கிடைக்கும் என்று உத்தரவாதம் தர மாட்டேன்.

மாஸ்கோவை விட்டு நகரவே முடியாது, ஆனால் நின்று பார்க்கவும் வேண்டும் என்பவர்களுக்கு நோவோதேவிச்சி கல்லறைத் தோட்டம் இருக்கிறது, ஸ்போர்தீவ்னயா மெட்ரோ பக்கம். 37 வயதில் போர்முனையில் இறந்த தளபதி செர்னியாகோவ்ஸ்கி அங்கே இருக்கிறார். முதலில் வில்னியூஸில் புதைத்து, சோவியத் ஒன்றியம் உடைந்த காலத்தில் இங்கே மாற்றினார்கள். டாங்கிப் படைத் தளபதிகள் ரிபல்கோவும் கதுகோவும் அங்கேதான். ஷுகோவைப் பதவியிலிருந்து தூக்கிய குருஷேவும் அதே தோட்டத்தில்தான். நான் அங்கே அவசரமாகச் சுற்றியதோடு சரி, அதனால் இதற்கு மேல் அளக்க மாட்டேன். ஷுகோவையே பார்க்க வேண்டும் என்றால் மானேஷ் சதுக்கத்தில், வரலாற்று அருங்காட்சியகத்தின் வாசலில், 1995இல் வைத்த குதிரைச் சிலை இருக்கிறது. கல்லறை இல்லைதான், ஆனால் நடுராத்திரியிலும் முன்னால் நிற்கலாம்.

இன்னொரு விஷயம், இந்தியர்களுக்கு மட்டும்: ரஷ்யாவுக்கு இப்போது இ-விசா கிடைக்கிறது, தங்கும் நாள் கணக்கை விண்ணப்பிக்கும்போது சரிபார்த்துக்கொள்ளுங்கள். வெளிநாட்டு வங்கிகளின் வீசா, மாஸ்டர்கார்டு அட்டைகள் 2022 மார்ச்சிலிருந்து அங்கே வேலை செய்வதில்லை. எல்லாம் ரொக்கம்தான். வோல்கோகிராடுக்குப் புறப்படும் முன்பு மாஸ்கோவிலேயே ரூபிளாக மாற்றிக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். அங்கே எந்த ஊர்க்காரர் என்று யாராவது விசாரித்தால் சென்னை என்று சொல்லிப் பாருங்கள். 1960களிலிருந்து அந்த ஊரும் நம் சென்னையும் சகோதர நகரங்கள்.