ஐசக் ஸ்டீஃபன்சனின் தன்வரலாறு: காட்டில் தெளிவு, சட்டமன்றத்தில் அவசரம்

விஸ்கான்சின் மாநிலத்தின் பெரும் மரவணிகர்களுள் ஒருவராக இருந்து, பின்னர் அம்மாநிலச் சட்டமன்ற உறுப்பினராகவும் அமெரிக்க செனட்டராகவும் உயர்ந்த ஐசக் ஸ்டீஃபன்சன், ‘ரெகலெக்‌ஷன்ஸ் ஆஃப் எ லாங் லைஃப்’ என்னும் தன்வரலாற்றை 1915இல் சிகாகோவில் தனிப்பட்ட முறையில் அச்சிட்டார். காப்புரிமைக் காலம் முடிந்துவிட்டதால், இன்று இணையத்தில் இலவசமாகவே படிக்கலாம்.

நூலின் உயிர் அதன் முற்பகுதியில் இருக்கிறது. 1829இல் கனடாவின் ஃபிரெடரிக்டனுக்கு அருகே பிறந்த ஸ்டீஃபன்சன், ஜெஃபர்சன் சின்க்ளேர் என்னும் மரத்தொழில் வல்லுநருடன் 1845இல் விஸ்கான்சினின் மில்வாக்கி நகருக்கு வந்தார். 1858இல் மெனாமினி ஆற்றங்கரையிலுள்ள மரினெட்டில் நிலைகொண்டார். பனிக்காலத்தில் வெட்டிய பைன் மரங்களை உறைந்த நிலத்தின்மீது இழுத்துவந்து ஆற்றோரம் அடுக்குவதும், பனி உருகி வெள்ளம் வந்ததும் அவற்றை மிதக்கவிடுவதும் அக்காலத் தொழில்முறை. ஒவ்வொரு நிறுவனமும் கட்டையின் வெட்டுமுகத்தில் சுத்தியலால் தன் முத்திரையைப் பதிக்கும். ஆற்றின் கீழ்ப்பகுதியில் மிதவைத் தடுப்பு அமைத்து, அம்முத்திரையைப் பார்த்து இன்னார் கட்டை என்று பிரித்துக்கொடுப்பார்கள். அப்பணியை மெனாமினி ஆற்றில் நடத்திய நிறுவனத்துக்கே தலைவராக இருந்தவர் என்பதால், இத்தொழிலைப் பற்றி அவர் எழுதும்போது கேள்விஞானத்தின் வாடையே இல்லை.

விஸ்கான்சினின் பெஷ்டிகோ என்னும் ஊரை அழித்த பெருந்தீயைப் பற்றிய பகுதிக்காகவே இந்நூலைத் தேடிப் படிக்கலாம். 1871 அக்டோபர் 8ஆம் நாள் இரவு, சிகாகோ எரிந்த அதே வேளையில் பெஷ்டிகோவும் சுற்றுப்புறமும் எரிந்து, குறைந்தது 1,200 பேர் மாண்டனர். சிகாகோவில் இறந்தவர்கள் ஏறத்தாழ 300 பேர். ஆயினும் உலகம் நினைவில் வைத்திருப்பது சிகாகோவைத்தான். பெஷ்டிகோ மரநிறுவனத்தின் பங்குதாரரான ஸ்டீஃபன்சன் அருகிலிருந்து மீட்புப்பணியில் ஈடுபட்டவர் என்பதால், அவருடைய சாட்சியம் விலைமதிப்பற்றது. ஆனால் மழையற்ற கோடையோடு, மரம் வெட்டியவர்கள் காட்டில் விட்டுச்சென்ற கிளைகளும் சருகுகளும் அத்தீக்கு இரையாயின என்பதையும், எழுதியவர் அத்தொழிலின் முதலாளிகளுள் ஒருவர் என்பதையும் நினைவில் கொண்டே இதைப் படிக்க வேண்டும். 1836இல் அமெரிக்க அரசுடன் செய்த உடன்படிக்கையில் அப்பகுதியின் பூர்வகுடிகளான மெனாமினி மக்கள் சுமார் 40 லட்சம் ஏக்கர் நிலத்தை விட்டுக்கொடுத்த பிறகே இக்காடுகள் வணிகர் கைக்கு வந்தன என்பதும் மறக்கத் தகாத செய்தி.

அரசியல் பகுதி அந்தத் தரத்தில் இல்லை. 1866இலும் 1868இலும் அவர் சட்டமன்றத்தில் அமர்ந்தார். ஆற்றையும் ஏரியையும் நம்பிப் பிழைத்த ஒருவர் சட்டம் இயற்றும் அவையில் என்ன கண்டார், யாருடைய நலனுக்காகப் பேசினார் என்று அறியும் ஆவலோடு வந்த எனக்கு, அப்பக்கங்களின் வேகம் பெரும் ஏமாற்றமாக இருந்தது. விஸ்கான்சின் ஆளுநராகவும் பின்னர் செனட்டராகவும் இருந்த ராபர்ட் லா ஃபாலெட்டின் சீர்திருத்த அணிக்குப் பணம் கொடுத்து ஆதரித்ததும், பின்னர் அவரோடு முரண்பட்டதும் விரிவாகவே வருகின்றன. செனட் பதவிக்கான கட்சி வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கும் 1908 முதனிலைத் தேர்தலில் ஸ்டீஃபன்சன் 1,07,793 டாலர் செலவிட்டது பெரும் சர்ச்சையாகி, செனட் விசாரணை நடந்து, 1912இல் 40க்கு 34 என்ற வாக்குக் கணக்கில் அவருடைய பதவி தப்பியது. மூன்றே ஆண்டுகள் கழித்து நூல் வெளிவந்ததால், இங்கே நினைவுகூர்பவரைவிடத் தற்காப்புக்காக வாதிடுபவரின் குரலே ஓங்கி ஒலிக்கிறது.

மரத்தொழில், பேரேரிகளின் கப்பல் போக்குவரத்து, குடியேற்ற வாழ்க்கை ஆகியவற்றில் ஆர்வமுள்ளவர்களுக்கு இந்நூலைத் தயக்கமின்றிப் பரிந்துரைக்கிறேன். அரசியல் வரலாற்றுக்காகப் படிப்பவர்கள் மட்டும் செனட் விசாரணைப் பதிவுகளையும் உடன் எடுத்துவைத்துக்கொள்வது நல்லது.