அஸ்கார் ஃபேண்டஸி மேப் ஜெனரேட்டர்: மலையை நகர்த்தினால் மழைக்குக் கணக்குக் கேட்கும் வரைபடம்

மந்திரப் பள்ளி ஒன்றைப் பற்றி நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். அங்கே படிக்கும் பிள்ளைகளின் ஆயுதம் மையும் தூரிகையும் தோல்சுருளும். சுருளில் இருக்கும் மலையைச் சுரண்டி எடுத்தால் நிலத்திலும் அந்த மலை இருக்காது. ஆற்றை வளைத்து வரைந்தால் மறுநாள் காலையில் ஆறு வளைந்து ஓடும். இப்படிப்பட்ட கதையை வரைபடம் கையில் இல்லாமல் எழுதினால் ஐந்தாம் அத்தியாயத்துக்குள் திசையெல்லாம் குழம்பிவிடும். கற்பனை உலகங்களுக்கு வரைபடம் செய்யும் கருவிகள் பலவற்றைப் பார்த்துவிட்டு அஸ்கார் ஃபேண்டஸி மேப் ஜெனரேட்டரில் வந்து தங்கினேன்.

அழகு மட்டும் போதும் என்றால் இங்கார்னேட், வொண்டர்டிராஃப்ட் போன்றவை இருக்கின்றன. கண்ணில் ஒற்றிக்கொள்ளும்படி வரைந்து தரும். ஆனால் அங்கே மலை என்பது ஒரு முத்திரை. விரும்பிய இடத்தில் குத்தலாம், அதனால் பக்கத்து வயலுக்கு ஒன்றும் ஆகாது. என் கதைக்கு அது உதவாது. நிலத்தைத் தொட்டால் என்ன விலை கொடுக்க வேண்டும் என்பதைத்தான் அந்தப் பள்ளி கற்றுக்கொடுக்கிறது. அந்த விலையைக் காட்டுகிற கருவி வேண்டியிருந்தது.

அஸ்கார் உலாவியிலேயே இயங்குகிறது. கட்டணம் இல்லை. மூலநிரல் எம்ஐடி என்ற திறமூல உரிமத்தில் எல்லோருக்கும் திறந்திருக்கிறது. கணினி விளையாட்டுகளுக்குப் பலகோண வரைபடம் செய்வது பற்றி அமித் படேல் 2010இல் எழுதியதையும், மார்ட்டின் ஓலியரி, ஸ்காட் டர்னர் ஆகியோரின் கற்பனை வரைபட வேலைகளையும் இதை ஆக்கியவர் தமக்குத் தூண்டுதலாகக் குறிப்பிட்டிருக்கிறார். பக்கத்தைத் திறந்தவுடன் ஓர் உலகம் முழுதாக வந்து நிற்கிறது: நாடுகள், ஊர்கள், ஆறுகள், மதங்கள், சாலைகள். பிடிக்கவில்லையென்றால் இன்னொன்று கேட்கலாம். தீவுக்கூட்டம், தீபகற்பம், பவளத்தீவு என்று வார்ப்புருவைத் தேர்ந்தெடுத்தும் தொடங்கலாம்.

உள்ளே நடப்பது இதுதான். நிலமும் கடலும் சின்னச் சின்னப் பலகோணக் கட்டங்களாகப் பிரிக்கப்படுகின்றன. வழக்கமான அமைப்பில் சுமார் 10,000. ஒவ்வொரு கட்டத்துக்கும் 0 முதல் 100 வரை ஓர் உயரம். 20க்குக் கீழே கடல், அதிலிருந்து மேலே நிலம். மற்ற எல்லாமே இந்த உயரத்திலிருந்து கணக்கிடப்படுகின்றன. ஆறு சரிவைத் தேடி இறங்குகிறது. ஊர்கள் ஆற்றங்கரையிலும் முகத்துவாரத்திலும் நல்ல துறைமுகத்திலும் போய் உட்காருகின்றன. அதனால் உயரத்தில் கை வைப்பது வேரில் கை வைப்பது.

அப்படிக் கை வைக்கப்போனால் கருவி முதலில் ஒரு கேள்வி கேட்கிறது. மூன்று வழிகள் உண்டு. முதலாவதில் நாடு, நகரம் அனைத்தும் அழிந்து, புது நிலத்துக்கேற்ப எல்லாம் புதிதாக எழும். இரண்டாவதில் இருப்பவை இருந்தபடி இருக்கும். ஆனால் கடற்கரையை ஓர் அங்குலம்கூட நகர்த்த முடியாது. மூன்றாவதுக்குப் பெயரே ஆபத்து முறை. கரையையும் மாற்றலாம், பழையவற்றையும் வைத்துக்கொள்ளலாம். இயன்றவரை மீட்டுத் தருவேன், எதிர்பாராத பிழைகள் வரலாம், முதலில் சேமித்துக்கொள் என்று எச்சரிக்கை வரும். இதைப் படித்ததும் என் பள்ளியின் பாடத்திட்டம் கையில் கிடைத்துவிட்டது. முதலாண்டு மாணவர்களுக்கு ஆளில்லாத் தீவுகள். நடு ஆண்டுகளில் கரையைத் தொடாமல் மலையைத் திருத்தும் பயிற்சி. மூன்றாம் முறையைத் தொட ஆசிரியர்களிலேயே சிலருக்குத்தான் அனுமதி.

சோதனையாக, வடக்குத் தெற்காக ஓடும் மலைத்தொடர் ஒன்றின் நடுப்பகுதியைத் தூரிகையால் தாழ்த்தினேன். பிறகு ஆறுகளை மறுபடி உருவாக்கும் பொத்தானை அழுத்தினேன். கிழக்கே தலைநகரைத் தொட்டு ஓடிய பேராறு, புதுப் பள்ளத்தைக் கண்டுபிடித்து மேற்கே இறங்கிவிட்டது. நகரம் மட்டும் பழைய இடத்தில், கரையில்லாத கரையில் நிற்கிறது. பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்த அண்ணன் மகள், “இந்த ஊர்க்காரர்கள் இனிமேல் தண்ணீருக்கு எங்கே போவார்கள், அத்தை?” என்று கேட்டாள். ஏழாம் அத்தியாயம் முழுவதும் அந்தக் கேள்வியிலிருந்து எழுதியதுதான்.

மழைக் கணக்கும் மெச்சத்தக்கது. நிலநடுக்கோட்டுக்கு இரு பக்கமும் 30 பாகைக்கு ஒன்றாக மொத்தம் ஆறு பட்டைகள். ஒவ்வொன்றுக்கும் ஒரு காற்றுத் திசை. அம்புக்குறியைச் சொடுக்கினால் திசை திரும்பும். காற்று ஈரத்தைச் சுமந்து வந்து மலையில் மோதி முன்பக்கம் கொட்டிவிடுகிறது. மலைக்குப் பின்னால் மழை மறைவு. மேற்குத் தொடர்ச்சி மலைக்குக் கிழக்கே குடியிருக்கும் நமக்கு இதை யாரும் விளக்க வேண்டியதில்லை. தென்மேற்குப் பருவமழை கேரளத்தில் கொட்டித் தீர்த்துவிட்டு இந்தப் பக்கம் காற்றை மட்டும் அனுப்புவதை ஆண்டுதோறும் பார்க்கிறோம்.

என் பெரிய குறையும் இங்கேதான் இருக்கிறது. ஒரு பட்டைக்கு ஒரே காற்று, அதுவும் ஆண்டு முழுவதும். பருவம் மாறிக் காற்றும் திரும்புவதற்கு இதில் வழியில்லை. ஐப்பசியில் வடகிழக்கிலிருந்து வரும் மழையை இந்த உலகம் அறியாது. தமிழ்நாட்டைப் போன்ற ஒரு நிலத்தை வரைந்து தென்மேற்குக் காற்றை வைத்தால் கிழக்குப் பக்கம் காய்ந்துபோகும். வடகிழக்குக் காற்றை வைத்தால் மேற்குக் கரை காய்ந்துபோகும். இரண்டு மழையிலும் வாழும் மக்களை உருவாக்க நிலவகைகளைக் கையால்தான் பூச வேண்டும்.

இன்னொன்றும் உறுத்தியது. ஒவ்வொரு நிலவகைக்கும் மக்கள் வாழத் தகுதி எவ்வளவு என்று ஓர் எண் இருக்கிறது. மிதவெப்ப இலையுதிர் காட்டுக்கு 100. ஈரநிலத்துக்கு 12. ஐரோப்பாவை மனத்தில் வைத்துப் பார்த்தால் இது நியாயமாகத் தோன்றலாம். காவிரிப் படுகையை அறிந்தவர் யாரும் ஈரநிலத்துக்கு 12 போடமாட்டார்கள். சேறும் வாய்க்காலுமாகக் கிடந்த மண்ணில்தான் ஊர்கள் அடுத்தடுத்து நெருங்கி நின்றன. ஆனால் அந்த எண்ணை மாற்றும் உரிமையையும் கருவி நமக்கே கொடுக்கிறது. நிலவகைகளின் பட்டியலைத் திறந்து பெயர்களைக் குறிஞ்சி, முல்லை, மருதம், நெய்தல், பாலை என்று மாற்றினேன். மருதத்துக்கு 100 கொடுத்தேன். மக்கள்தொகைக் கணக்கு உடனே மாறியது. குறிஞ்சியும் முல்லையும் வறண்டால் பாலையாகும் என்று நம் மரபு சொல்வதும் இதில் பொருந்தி வருகிறது: காற்றுத் திசையைத் திருப்பி மழையைக் குறைத்தால் பச்சைக் கட்டங்கள் வெளிறிப்போகின்றன.

தமிழில் பெயர் வைப்பதில் சிக்கல் இல்லை. எழுத்தை உலாவியே வரைவதால் கொம்பும் காலும் தத்தம் இடத்தில் சரியாக நிற்கின்றன. கணினியில் நிறுவியிருக்கும் எழுத்துருவையும் சேர்த்துக்கொள்ளலாம். நான் மீரா இனிமையைப் பயன்படுத்துகிறேன். ஊர்ப் பெயர்களை ஒவ்வொன்றாக மாற்றுவது பொறுமையைக் கேட்கும் வேலை என்றாலும் செய்யத் தக்கது. ஆற்றூர், மணற்குடி என்று பெயர் விழுந்த பிறகுதான் அது என் நாடானது. பொத்தான்களும் குறிப்புகளும் ஆங்கிலத்தில்தான் இருக்கின்றன. எண்ணிக்கையும் அதிகம், புதியவருக்கு மலைப்பாக இருக்கும். கைபேசியின் சிறு திரையில் இதைச் செய்ய நினைக்க வேண்டாம். சுட்டியும் அகலத் திரையும் தேவை.

பள்ளிப் புவியியல் ஆசிரியர்களும் இதைத் திறந்து பார்க்க வேண்டும். மழை மறைவுப் பகுதியைக் கரும்பலகையில் வரைந்து காட்டுவதை விட, மாணவர் கையாலேயே மலையைக் கிளப்பவிட்டுப் பின்னால் என்ன ஆகிறது என்று பார்க்கச் சொல்வது எளிது.

வேலை முடிந்ததும் உலாவியின் சேமிப்பை மட்டும் நம்பாமல் வரைபடக் கோப்பைக் கணினியிலும் இறக்கிவைத்துக்கொள்ளுங்கள். புத்தகத்தில் அச்சிடுவதாக இருந்தால் எஸ்விஜி வடிவில் எடுங்கள். எவ்வளவு பெரிதாக்கினாலும் கோடு உடையாது.