கொளத்தூரில் வாங்கிய ஆறு டால்பின்: இரண்டு வருஷம் கழித்து ஒரு ரிவ்யூ

மீன் வாங்கின மறுநாளே ரிவ்யூ போடுகிறவர்களைப் பார்த்தால் எனக்குச் சிரிப்புதான் வரும். மறுநாள் எந்த மீனும் நன்றாகத்தான் நீந்தும். நான் வாங்கி இரண்டு வருஷம் ஆகிறது. வில்லிவாக்கத்தில் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன்; கல்லாவை ஒட்டி நாலடித் தொட்டி. மீன் வாங்கியது கொளத்தூரில் ஒரு அலங்கார மீன் கடையில்; அந்தக் கடையின் பெயரைச் சொல்லப் போவதில்லை.

அங்கே முன்தொட்டியில் ஒரு ஜாண் நீளத்துக்கு, நெற்றி புடைத்து, வானத்தை வெட்டி எடுத்த மாதிரி நீலமாக ஒன்று நின்றது. "ப்ளூ டால்பின்க்கா, ஆப்பிரிக்கன்" என்றார் கடைத் தம்பி. ஆறு வேண்டும் என்றேன். அவர் வலை போட்டுப் பிடித்ததோ இரண்டு இன்ச் சாம்பல் குஞ்சுகள், உடம்பில் கரும்புள்ளி வேறு. ஒன்று 150 ரூபாய். "என்ன தம்பி, கெண்டைக் குஞ்சு மாதிரி இருக்கு?" என்றால், "நாலு இன்ச் தாண்டட்டும்க்கா, கலர் தானா ஏறும்" என்றார். நம்பாமல்தான் வாங்கி வந்தேன். பத்து மாதத்தில் ஏறிவிட்டது. அந்த வார்த்தைக்கு முழு மார்க்.

மற்றது? ஹீட்டர் கட்டாயம் என்று தலையில் கட்டினார். சென்னையில் ஹீட்டர்! இன்னும் பெட்டியைப் பிரிக்கவில்லை. அப்புறம், "ரெண்டடித் தொட்டி போதும்க்கா, தொட்டிக்குத் தக்கதான் மீன் வளரும்." இந்த ஒரு பொய்யால் இந்த ஊரில் எத்தனை மீன் கூனிச் செத்ததோ. இது 20 சென்டிமீட்டரைச் சாதாரணமாகத் தாண்டும் ஜாதி. நல்லவேளை, வீட்டில் பழைய நாலடி இருந்தது. அதுவே இப்போது இறுக்கம்தான். நாலாம் நாள் ஒன்று செத்தது. போன் பண்ணினால் "உயிருக்குக் கியாரண்டி இல்லக்கா."

பெரிய தப்பு கல். அஞ்சு கிலோ நீலக் கலர் கல்லைக் கொடுத்து, "மீன் கலரு தூக்கும்" என்றார். மூன்று மாதம் மீன்கள் அந்தக் கல்லின் மேல் சும்மா தொங்கிக்கொண்டு கிடந்தன. கல்லை முட்டிப் பார்க்கும், விலகும், திரும்ப முட்டும்.

அப்புறம்தான் இதன் சொந்த ஊரைப் பற்றித் தேடிப் படித்தேன். மலாவி, மொசாம்பிக், தான்சானியா மூன்றும் பங்கு போட்டுக்கொண்ட மலாவி ஏரி. 560 கிலோமீட்டருக்குக் குறையாத நீளம். அறிவியல் பெயர் சிர்டோகாரா மூரி, 1902-ல் பூலஞ்சர் என்ற மீன் ஆய்வாளர் வைத்தது. டால்பினுக்கும் இதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை, நெற்றிப் புடைப்பைப் பார்த்துக் கடைக்காரர்கள் ஒட்டிய பெயர். அந்த ஏரியில் பாறைப் பக்கம் சின்னச் சின்ன முரட்டு சிக்லிட் மீன்களின் ராஜ்ஜியம். இது மணல்வெளி மீன். அங்கே ஃபோசோரோக்ரோமிஸ் என்று இன்னொரு பெரிய மீன், மணலுக்குள் வாயைக் குத்தி அள்ளும். வலை வந்தால் உடம்போடு மணலுக்குள் பாய்ந்து ஒளியும். அது கிளறும்போது எழும்பும் புழுதியில் பூச்சி பொட்டு மிதக்கும் இல்லையா, அதைத் தின்னத்தான் நம் டால்பின் பின்னாலேயே போகும். ஏர் ஓட்டுகிறவன் பின்னால் கொக்கு போகிற மாதிரி.

பக்கத்து வீட்டுப் பூச்சு வேலையில் மிஞ்சிய ஆற்று மணல் ரெண்டு சட்டி கேட்டு வாங்கினேன். எம்-சாண்ட் வேண்டாம், உடைத்த கல், செவுளைக் கீறும். மாவுச் சல்லடையில் சலித்து (வீட்டில் வாங்கிக் கட்டிக்கொண்டது தனிக் கதை), பதினேழு வாளி கழுவிய பிறகுதான் தண்ணீர் தெளிந்தது. போட்ட அன்று சாயங்காலமே ஒன்று தலைகீழாகச் சாய்ந்து ஒரு வாய் மணலை அள்ளியது. இரண்டு மெல்லு. செவுள் ரெண்டு பக்கமும் மணல் பொடிப்பொடியாக உதிர்ந்தது. ஆதார் ஜெராக்ஸுக்கு வந்த பையன், "அக்கா, மீனு புகை விடுது!" என்றான்.

இப்போது ஞாயிற்றுக்கிழமை சுத்தம் பண்ணக் கையை விட்டு மணலைக் கிளறினால் அஞ்சும் என் விரல் பின்னாலேயே வரும். பெரியது முன்னால், மற்றதை விரட்டிவிட்டு என் மணிக்கட்டை ஒட்டியே நிற்கும். அந்த ஏரியின் மணல் கிளறி வேலை இங்கே எனக்கு.

தண்ணீர்ச் செலவு கிடையாது. சோப்பு நுரைக்காத, வாளியில் வெள்ளை படியும் எங்கள் போர் தண்ணீர்தான். மலாவி ஏரித் தண்ணீரும் காரம் ஏறியதுதான், அதனால் ஆர்ஓ வாங்கச் சொன்னால் வாங்காதீர்கள். மே மாதம் மட்டும் லைட்டை அணைத்து ஏர் பம்பைக் கூட்டுகிறேன்.

மீனுக்கு அஞ்சுக்கு அஞ்சு. கடைக்கு மூணு; கலர் பற்றி உண்மை சொன்னதற்கு ஒன்று, பாக்கெட்டில் ஆக்சிஜன் நிறைத்துக் கட்டிக் கொடுத்ததற்கு ஒன்று. இன்னொன்று போன மாதம் கிடைத்தது. ஒரு மீன் தீனியைத் தொடாமல், தாடை உப்பி, மூலையிலேயே நின்றது. வியாதி என்று பயந்து வீடியோ எடுத்துக்கொண்டு ஓடினேன். பார்த்ததும் தம்பி, "மருந்து போட்டுடாதக்கா. வாயில முட்டை வச்சிருக்கு. மூணு வாரம் சும்மா விடு" என்றார். மருந்து விற்றிருந்தால் வாங்கியிருப்பேன்.

முப்பத்தி நாலு குஞ்சு. பெரிதானதும் எடுத்துக்கொள்கிறாராம், காசு கிடையாது, பதிலுக்குத் தீனி பாக்கெட். ஒரு பாக்கெட்டா ரெண்டா என்று பேச்சு இன்னும் முடியவில்லை.