டொலேடோவில் மாலை நடை: வழிகாட்டியோடா, தனியாகவா?

ஸ்பெயினின் பழைய நகரமான டொலேடோவில் ஒரே ஒரு மாலைதான் கிடைக்கிறதென்றால் வழிகாட்டியோடு நடப்பதே என் தேர்வு. கிறிஸ்டோ டெ லா லூஸ் என்ற சிறு கட்டடத்தைத் தனியாகப் போகிறவர் ஏதோ பழைய தேவாலயம் என்று கடந்துவிடுவார். அது 999-இல் எழுந்த மசூதி. முகப்பில் செங்கல்லாலேயே அமைந்த அரபு எழுத்துகள் அதைச் சொல்கின்றன. சாந்தா மரியா லா பிளாங்காவோ யூதர்களின் தொழுகைக்கூடமாக இருந்து தேவாலயமானது. இருட்டியபின் கதவுகள் மூடியிருக்கும். ஆகவே பார்ப்பதைவிடக் கேட்பதே அதிகம். பெரிய குழுவில் பின்வரிசையில் மாட்டிக்கொண்டால் அதுவும் போயிற்று.

தனி நடைக்குக் கட்டணமில்லை, அவசரமுமில்லை. தாஹோ ஆற்றைக் கடந்து மிராடோர் டெல் வாலே என்ற காட்சிமுனையில் நின்றால் முழு நகரமும் எதிரே தெரியும். ஜூனில் சூரியன் மறையவே ஒன்பதரை தாண்டிவிடும். இரவு உணவைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.