‘பக்கா’வா, ‘ஆஹோ’வா?

அனிமே பார்த்து ஜப்பானிய மொழி பழகுவோர், முட்டாள் என்பதற்கு இவ்விரண்டில் எதைச் சொல்வது என்று தயங்குவதுண்டு. (நம் ‘பக்கா’ வேறு.)

வழங்குமிடம்: பக்கா தோக்கியோ வட்டாரத்துக்குரியது, ஆஹோ ஒசாக்கா வட்டாரத்துக்குரியது.

சூடு: தோக்கியோ நண்பர்களிடையே பக்கா செல்லமாகவும் ஒலிக்கும், ஆஹோ சுடும், ஒசாக்காவில் இது தலைகீழ்.

புகழ்: இதில் பக்காவின் கையே ஓங்கியிருக்கிறது. 1953இல் ஜப்பான் நாடாளுமன்றக் கீழவையின் வரவுசெலவுத் திட்டக் குழுவில் பிரதமர் யோஷிதா ஷிகெரு, கேள்வி கேட்ட உறுப்பினரை நோக்கி முணுமுணுத்த ‘பக்காயாரோ’ (முட்டாள் பயலே) ஒலிவாங்கியில் பதிவாகி, அவையே கலைக்கப்படும் அளவுக்குப் போயிற்று. 1995இல் ‘எவாஞ்செலியன்’ அனிமே தொடரின் அசுகா என்னும் பாத்திரம் பேசிய ‘அந்தா பக்கா?’, அதாவது ‘நீ என்ன முட்டாளா?’, உலகெங்கும் ரசிகர்களுக்கு மனப்பாடமாயிற்று. ஆஹோவோ ஒசாக்காவின் ‘மன்சாய்’ இரட்டையர் நகைச்சுவையில் வாழ்கிறது.

எழுத்து: பக்காவைக் குதிரை, மான் என்னும் இரு எழுத்துகளால் எழுதுவர்; வடமொழி ‘மோஹ’ (மதிமயக்கம்) என்பதே வேர் என்பாரும் உளர், எனக்கும் அதுவே பொருத்தமாகப் படுகிறது.

அனிமே உரையாடல் புரிவதற்குப் பக்கா போதும். ஒசாக்கா நண்பரைக் கேலி செய்ய ஆஹோவே தகும். மேலதிகாரியிடம் இரண்டுமே ஆகா.